வெறுங்குரைப்பு

ருஸ்கோ குரைக்கிறான். அவன் மேல் உள்ள புகார் இவ்வளவுதான். அவன் யாரையும் கடித்ததில்லை, யார் வாசலிலும் அசிங்கம் பண்ணியதில்லை. மாடிப்படியில் தெல்லெர்வோ அம்மையார் எதிரே வந்தால் சுவரோரம் ஒதுங்கி நின்று வழி விடுகிறான். அந்த மரியாதையை எங்கள் கட்டடத்தில் வேறு எந்த ஆண்பிள்ளையும் அவருக்குக் கொடுப்பதில்லை, நான் உட்பட. ஆனால் குரைக்கிறான்.

அவன் நிமிர்செவி ஜாதி நாய். நரி நிறம், நரி முகம், முதுகின் மேல் சுருட்டி வைத்த வால். இந்த ஜாதியைக் குரைப்பதற்கென்றே தலைமுறை தலைமுறையாகப் பொறுக்கி எடுத்து வளர்த்திருக்கிறோம். காட்டுக்குள் ஓடி மெட்சோவைத் தேடுவான். மெட்சோ என்பது வான்கோழி அளவுக்கு இருக்கிற, கறுத்த, தன்னைப் பற்றி உயர்ந்த அபிப்பிராயம் கொண்ட பறவை. அது மரத்தில் ஏறி உட்கார்ந்ததும் இவன் அடியில் நின்று, வாலை ஆட்டிக்கொண்டு, அதையே பார்த்துக் குரைப்பான். இதென்னடா பைத்தியம் என்று அதுவும் குனிந்து இவனையே பார்த்துக்கொண்டிருக்கும். அந்த நேரத்தில் துப்பாக்கிக்காரர் பூனைநடை போட்டு வந்து சேர வேண்டும். அவர் வரும்வரை நாய் நிறுத்தக் கூடாது, மரத்தை விட்டு நகரவும் கூடாது. எவன் கடைசிவரை நிறுத்தாமல் நிற்கிறானோ அவனுக்கு வருஷா வருஷம் போட்டி வைத்துக் 'குரைப்பு ராஜா' என்று பட்டம் கட்டுகிறோம். பின்லாந்தின் தேசிய நாயும் இவன்தான். தேசம் முழுக்கக் குரைக்கலாம், கயானி நகரத்தில் எங்கள் வீட்டு அடுப்படியில் மட்டும் குரைக்கக் கூடாது என்பது இந்த வருஷம் எனக்குத் தெரியவந்தது.

ருஸ்கோ உண்மையில் என் அக்கா ஹில்க்காவின் நாய். அவள் மரம் ஏற்றும் லாரி ஓட்டுகிறாள். திங்களன்று போனால் வெள்ளிக்கிழமை சாயங்காலம்தான் தலையைக் காட்டுவாள். இடைப்பட்ட நாட்களில் நாய்க்கு நான், எனக்கு நாய். கல்லூரிக்குப் போகுமுன் ஆற்றோரமாக அவனை நீளமாக நடத்திக் கூட்டி வர வேண்டும். நடப்பது அவன் இஷ்டம், கூட வருவது என் கடமை. கூப்பிட்டால் வர மாட்டான். கூப்பிட்டது காதில் விழுந்தது என்பதற்கு அடையாளமாக ஒரு காதை மட்டும் திருப்புவான். வசந்தத்தில் உள்மயிர் உதிர்த்தான் என்றால் சீவிச் சீவியே இன்னொரு நாய் செய்து வைக்கலாம். என் காபியில், சாக்ஸில், பல் துலக்கும் பிரஷ்ஷில் எல்லாம் ருஸ்கோ. தன்னைத் தானே நக்கிச் சுத்தம் செய்துகொள்வான், குளிப்பாட்டப் போனால் கொலைகாரனைப் பார்ப்பது போல் பார்ப்பான். பனி கொட்டுகிற நாளில் பால்கனியில் மூக்கை வாலுக்குள் செருகிக்கொண்டு தூங்குவான். உள்ளே வாடா என்றால், நீ ஏன் உள்ளே இருக்கிறாய் என்கிற மாதிரி ஒரு கண்ணைத் திறந்து மூடுவான். இத்தனைக்கும் நான் அவனை ஒரு நாள் பிரிந்தால் சோறு இறங்காது. இதை ஹில்க்காவிடம் சொல்லிவிடாதீர்கள்.

குரைப்பு ஏப்ரலில் ஆரம்பித்தது. அடுப்படி ஜன்னலை ஒட்டி ஒரு தணிந்த மரப்பெட்டி இருக்கிறது, உருளைக்கிழங்கு போட்டு வைப்பது. அதுதான் அவன் சிம்மாசனம். ஒரு மதியம் அதன் மேல் நின்று வெளியே பார்த்தான், வால் ஒரு சுற்று இறுகியது, பிறகு தொடங்கினான். சும்மா வழியில் போகிறவனைப் பார்த்துப் போடுகிற குரைப்பு இல்லை அது. காட்டில் போடுவது, மணி அடித்தது மாதிரி, மூச்சு விடுகிற இடம்கூடத் தெரியாமல் போடுவது. ஜன்னலுக்கு வெளியே முற்றத்தின் நடுவில் ஒரு பெரிய ஊசியிலை மரம் நிற்கிறது. மரத்தைத்தான் பார்க்கிறான் என்று நினைத்து நானும் பார்த்தேன். கீழிருந்து நுனிவரை பார்த்தேன். ஜன்னலைத் திறந்து பாதி உடம்பை வெளியே தொங்கவிட்டுப் பார்த்தேன். அணில்கூட இல்லை. எதிர்ப்புறக் கட்டடத்தில் வெயில் மங்கியதும் தானாக நிறுத்தினான். மறுநாள் மதியம் மறுபடி.

திரை போட்டேன், இழுத்துக் கிழித்தான். படுக்கையறையில் அடைத்தேன், மூடிய கதவைப் பார்த்துக் குரைத்தான். மரத்தை விட்டு வராத நாய்க்குத்தானே பட்டம் கொடுக்கிறோம்.

எங்கள் ஊரில் பக்கத்து வீட்டுக்காரர் மேல் கோபம் வந்தால் உடனே வாயைத் திறந்து சொல்லிவிடுவது நாகரிகம் இல்லை. முதலில் படிக்கட்டில் மூச்சைச் சற்றுச் சத்தமாக விடுவார்கள். பிறகு கதவைச் சற்று அழுத்திச் சாத்துவார்கள். நமக்குப் புரிய வேண்டும். எனக்குப் புரிந்தது, ஆனால் ருஸ்கோவுக்கு யாரும் எதிரே வந்து மூச்சு விடவில்லை. அப்படியே மே மாதம் ஆகிவிட்டது.

மே மாதத்தில் எல்லோரும் முற்றத்துக்கு இறங்கிக் குப்பை வாரும் கூட்டு வேலை நாள் வந்தது. வாய்க்கு விடுமுறை விட்டவர்கள் வருஷத்தில் அந்த ஒரு நாள் பேசுவார்கள், கையில் வாருகோல் இருக்கிற தைரியத்தில். முற்றத்தின் இரண்டு பக்கக் கட்டடங்களுக்கும் பொதுவான குடியிருப்போர் சங்கத்தின் தலைவர் கௌகோ ஹெர்கொனென் நெருப்பு மூட்டி சாசேஜ் சுட்டுக்கொண்டிருந்தார். அவர் மனைவி ரய்லி ரொம்ப சந்தோஷமாக இருந்தார். முப்பது வருஷமாக வரவேற்பறையை அடைத்துக்கொண்டு நின்ற பூச்சி அரித்த சாமான்களையெல்லாம் போன மாதம் பால்கனிக்குத் தள்ளிவிட்டதாகவும், இப்போதுதான் வீட்டில் ஒரு மனுஷி திரும்பி நிற்க முடிகிறது என்றும் எல்லோரிடமும் சொன்னார். தலைவர் அதைக் கேட்காதது போல் சாசேஜைத் திருப்பினார்.

தலைவரைப் பற்றி இங்கே சொல்லியாக வேண்டும், ஏனென்றால் என் கோபம் முழுக்க அவர் மேல்தான். வாரநாட்களில் அவர் சங்கத் தலைவர். இலையுதிர் காலத்து ஞாயிற்றுக்கிழமைகளில் குரைப்புப் போட்டி நடுவர். போன வருஷம் ருஸ்கோவின் பின்னால் சதுப்பில் முழங்கால்வரை நனைந்து நாள் முழுக்க நடந்தவர் அவர்தான். கையில் ஒரு சின்ன எண்ணும் கருவி, ஒவ்வொரு குரைப்புக்கும் கட்டைவிரலால் ஓர் அழுத்து. அன்று மாலை மூஸ் மான் சூப் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது எழுந்து நின்று, இந்தக் குரலைக் கேட்ட பிறகு தேவாலயத்து ஆர்கன் தனக்குத் தேவையில்லை என்றார். கண்ணைத் துடைத்துக்கொண்டார். நான் பார்த்தேன். பாதிரியாரும் பார்த்தார்.

அதே மனிதர் சாசேஜ் குச்சியால் என்னைச் சுட்டி, சத்தத்தைப் பற்றிப் புகார் வந்திருக்கிறது, கவனித்துக்கொள் என்றார்.

"அதே சத்தம்தானே தலைவரே," என்றேன்.

"அது காடு. இது கட்டடம்."

"நாய்க்கு அதை யார் சொல்றது?"

"நீ சொல்லு. காலேஜ்ல படிக்கிறவன்தானே."

பிறகு என் தட்டில் ஒரு சாசேஜை வைத்தார். அவர் கெட்டவர் இல்லை. கெட்டவராக இருந்திருந்தால் எனக்கு எவ்வளவோ வசதியாக இருந்திருக்கும்.

சங்கத்தின் முதல் எச்சரிக்கை ஜூன் மாதம் வந்தது. பிறகு கோடை முழுக்க ருஸ்கோவை ஏரிக்கரைக் குடிலுக்குக் கூட்டிப் போய்விட்டோம். அங்கே அவன் குரைக்கவே இல்லை. வாத்தைப் பார்த்தான், படகைப் பார்த்தான், ஹில்க்கா சவுனா என்ற நீராவிக் குளியலறையிலிருந்து ஓடி வந்து ஏரிக்குள் குதிப்பதைப் பார்த்தான். எதுவும் வாயைத் திறக்கத் தகுதியானதாக அவனுக்குப் படவில்லை. ஆகஸ்டில் ஊர் திரும்பினோம். வாசலில் நாங்கள் பையை இறக்கி வைக்கக்கூட இல்லை, அவன் நேரே அடுப்படிக்கு ஓடி உருளைக்கிழங்குப் பெட்டி மேல் ஏறினான். பார்த்தான். வால் இறுகியது.

செப்டம்பரில் இரண்டாவது எச்சரிக்கையைத் தலைவர் கையெழுத்துப் போட்டு அனுப்பினார். இது கடைசி, வரும் ஞாயிறு சங்கக் கூட்டத்தில் வாக்கெடுப்பு, அதிலும் தீரவில்லை என்றால் எங்கள் வீட்டுக்காரருக்குத் தகவல் போகும். வீட்டுக்காரர் நாங்கள் உள்ளே ஒரு பூச்செடி வைத்தாலே யோசிக்கிறவர். தகவல் போனால் எங்களுக்கு வீடு இல்லை. கயானியில் நாயோடு வாடகைக்கு வீடு தேடுவதற்குப் பதில் நிலாவில் தேடலாம். ருஸ்கோவை ஹெல்சிங்கியில் எங்கள் சித்தி மகன் நிக்லாஸ் எடுத்துக்கொள்வதாக முன்பே சொல்லியிருந்தான். அவன் நல்லவன்தான், ஆனால் இன்னும் கைக்கு வராத நாய்க்கு அதற்குள் ஒரு மழைக்கோட்டு வாங்கி வைத்திருந்தான். பூப்போட்டது.

ஹில்க்கா வெள்ளிக்கிழமை வந்தாள். மேசை மேல் கிடந்த எச்சரிக்கையை நின்றபடியே படித்தாள். கோபம் வந்தால் கத்துகிறவள் அவள். இந்த முறை கத்தவில்லை. நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள்.

"டேய் என்சியோ. இதுல என்ன எழுதியிருக்குன்னு பாத்தியா?"

"பாத்தேன். வாக்கெடுப்பு."

"அது கெடக்கட்டும். 'ஓயாத வெறுங்குரைப்பு'ன்னு எழுதியிருக்கான்டா அந்த ஆளு."

எனக்கு அப்போதுதான் உறைத்தது. மற்றவர்களுக்கு அது ஒரு வார்த்தை. நிமிர்செவி வளர்க்கிறவர்களுக்கு அது அவதூறு. பறவை இல்லாத மரத்தடியில் நின்று குரைக்கிற நாய்க்குத்தான் வெறுங்குரைப்பு என்று போட்டியில் மதிப்பெண் வெட்டுவார்கள். ஆனால் எந்த நடுவரும் தூரத்தில் நின்று அதை எழுத முடியாது. நாய் இருக்கிற இடத்துக்கு வர வேண்டும். நாயின் பின்னால் குனிந்து, அதன் மூக்கு எந்தப் பக்கம் காட்டுகிறதோ அந்தப் பக்கமாகப் பார்க்க வேண்டும். பார்த்து, இல்லை என்று தன் கண்ணால் கண்ட பிறகுதான் அந்த வார்த்தையை எழுதலாம். மழையாக இருந்தாலும் சரி, இடுப்பளவு சதுப்பாக இருந்தாலும் சரி. தலைவரே போன வருஷம் அப்படி எத்தனை முறை மண்டியிட்டிருக்கிறார்.

"ஏப்ரல்லேர்ந்து ஒரு தடவை நம்ம வீட்டுக்குள்ள காலடி வச்சிருக்கானா?" என்றாள் ஹில்க்கா. "முற்றத்தைத் தாண்டினா நம்ம வீடு. சதுப்புகூட இல்ல."

அப்புறம் என் பக்கம் திரும்பினாள். நீயாவது பார்த்தாயா என்று கேட்டாள். மரத்தைப் பார்த்தேன், ஒன்றுமில்லை என்றேன். நின்றுகொண்டு பார்த்தாயா, குனிந்து பார்த்தாயா என்றாள். நின்றுகொண்டுதான் என்றேன். "படிச்ச முண்டம்," என்று சொல்லிவிட்டு எழுந்து பெட்டியருகே போனாள். ஆனால் அதற்குள் வெளிச்சம் போயிருந்தது, ருஸ்கோ வேலையை முடித்துக்கொண்டு காலடியில் படுத்துவிட்டான். சனிக்கிழமை முழுக்க மழை. மழை நாளில் அவன் குரைப்பதில்லை, எதிர்க் கட்டடமே தெரியாது. ஞாயிற்றுக்கிழமை வெயில் அடித்தது, கூட்டமும் வந்துவிட்டது.

கூட்டம் கீழே சவுனாவுக்குப் பக்கத்து அறையில். முதலில் காபி, ஏலக்காய் பன். காபி முடியும்வரை யாரும் விஷயத்தைப் பேசக் கூடாது, பருவநிலையைத்தான் பேச வேண்டும். ஆகவே எங்களைத் தெருவில் தள்ள வந்திருந்தவர்கள் எல்லோரும் எங்களிடம் மழை விட்டது நல்லதாயிற்று என்றார்கள். நாங்களும் ஆமாம் என்றோம். ஹில்க்கா இரண்டாவது பன்னை எடுத்தாள்.

தலைவர் மேசையைத் தட்டினார். தெல்லெர்வோ அம்மையார் எழுந்தார். பள்ளித் தலைமையாசிரியையாக இருந்து ஓய்வு பெற்றவர், எங்களுக்கு நேர் கீழ்வீடு. நேர்மையாகத்தான் பேசினார். தனக்கு நாய் மேல் பகை இல்லை, மதியம் ஒரு மணி நேரம் கண் மூடினால்தான் மாலையில் தலைவலி இல்லாமல் இருக்க முடிகிறது, ஏப்ரலிலிருந்து அந்த ஒரு மணி நேரம் தனக்குக் கிடைக்கவில்லை என்றார். அவர் சொல்வதில் தப்பில்லை. அந்த இடத்தில் நான் தலையைக் குனிந்துகொண்டேன்.

அவர் பேசிக்கொண்டிருக்கும்போதே மேலே ஆரம்பித்தது. மூடிய கதவு, இரண்டு தளம், ஒரு கான்கிரீட் கூரை, எல்லாவற்றையும் தாண்டி வந்தது. அறையில் எல்லோரும் கூரையைப் பார்த்தார்கள். நான் தலைவரைப் பார்த்தேன். அவர் முகம் கண்டிப்பாகத்தான் இருந்தது. ஆனால் மேசை மேல் வைத்திருந்த வலது கையில், கட்டைவிரல் தானாக அழுந்தி அழுந்தி எழுந்துகொண்டிருந்தது. ஒவ்வொரு குரைப்புக்கும் ஒன்று. ஹில்க்காவும் அதைப் பார்த்தாள்.

"தலைவரே, எத்தனை ஆச்சு?" என்றாள்.

கட்டைவிரல் நின்றது.

"வாக்கெடுப்புக்கு முன்னாடி ஏதாவது சொல்லணுமா ஹில்க்கா?"

"ஒண்ணே ஒண்ணு. வெறுங்குரைப்புன்னு எழுதியிருக்கீங்க. நாய்கிட்டப் போய்ப் பாத்தீங்களா?"

இது குடியிருப்பு விவகாரம், போட்டி விதி இங்கே செல்லாது என்று அவர் சொல்லிப் பார்த்தார். சொல்லும்போது அவர் காது சிவந்தது. அப்படியானால் வேறு வார்த்தை எழுதியிருக்கலாமே என்றாள் ஹில்க்கா. சத்தம் என்று எழுதுங்கள், தொல்லை என்று எழுதுங்கள், இரைச்சல் என்று எழுதுங்கள், ஏற்றுக்கொள்கிறோம். இந்த வார்த்தையை எழுதிவிட்டு மரத்தடிக்குப் போகாமல் இருந்த நடுவர் இந்த மாவட்டத்தில் யாராவது உண்டா என்று கேட்டாள்.

எங்கள் ஊர் மௌனத்தில் பல ரகம் உண்டு. இது ஒருவர் மானம் போய்க்கொண்டிருக்கும்போது மற்றவர்கள் மரியாதைக்காகத் தரையைப் பார்க்கும் ரகம். மேலே ருஸ்கோ நிறுத்தவில்லை.

தலைவர் நாற்காலியைப் பின்னால் தள்ளி எழுந்தார். "சரி. போய்ப் பாக்கலாம்."

அவர் மட்டும்தான் வருவார் என்று நினைத்தேன். எல்லோரும் எழுந்துவிட்டார்கள். ஒரே முற்றத்தைச் சுற்றி இத்தனை வருஷமாக வாழ்ந்தும் ஒருவர் வீட்டுக்குள் ஒருவர் எட்டிப் பார்க்காதவர்கள், வரிசையாகப் படியேறி, எங்கள் வாசலில் ஷூவைக் கழற்றி வைத்து, வெறும் சாக்ஸோடு உள்ளே வந்தார்கள். வாசலில் ஷூ மலையாகக் குவிந்தது. தெல்லெர்வோ அம்மையாரின் சாக்ஸில் முள்ளம்பன்றி பின்னியிருந்தது. என் வீட்டுத் தரையிலிருந்து ருஸ்கோவின் மயிர் எல்லோர் காலிலும் பாரபட்சமில்லாமல் ஒட்டிக்கொண்டது.

ருஸ்கோ திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. பெட்டி மேல் நின்று, கழுத்தை நீட்டி, வாலை ஆட்டிக்கொண்டு குரைத்தான். தலைவர் ஜன்னலருகே நின்று மரத்தைப் பார்த்தார். என்னைப் போலவே கீழிருந்து நுனிவரை பார்த்தார்.

"ஒண்ணும் இல்ல."

"நின்னுக்கிட்டா பாப்பாங்க?" என்றாள் ஹில்க்கா.

தலைவர் அவளைப் பார்த்தார், நாயைப் பார்த்தார். பிறகு மேசையைப் பிடித்துக்கொண்டு ஒரு முழங்காலை இறக்கினார், அப்புறம் மற்றதை. ருஸ்கோவின் தோளுக்குப் பின்னால், கன்னம் அவன் பிடரியைத் தொடுகிற அளவுக்குத் தலையைக் கொண்டுபோய், அவன் மூக்குப் போகிற வழியே பார்த்தார். காட்டில் செய்கிற மாதிரியே மூச்சைப் பிடித்துக்கொண்டார்.

அந்த உயரத்திலிருந்து பார்த்தால்தான் மரத்தின் இரண்டு கிளைகளுக்கு நடுவே ஒரு இடைவெளி தெரியும். அதன் வழியே எதிர்க் கட்டடத்து மூன்றாவது மாடி. அங்கே கண்ணாடி போட்ட ஒரு பால்கனி. மதிய வெயில் நேராக உள்ளே விழுகிறது. உள்ளே ஒரு அலமாரி. அலமாரி மேல் ஒரு காய்ந்த மரக்கிளை. கிளை மேல், கழுத்தைத் தூக்கி, வாலை விசிறியாக விரித்து, கறுப்பாக, கம்பீரமாக, மார்பில் கொஞ்சம் பூச்சி அரித்து, பஞ்சடைத்துப் பாடம் பண்ணிய ஒரு மெட்சோ.

அது தலைவர் வீட்டுப் பால்கனி.

அவர் ரொம்ப நேரம் எழுந்திருக்கவில்லை. கடைசியில் மண்டியிட்டபடியே, யாரையும் பார்க்காமல் சொன்னார்:

"பறவை இருக்கு. குரைப்பு செல்லும்."

நடுவர் குரல் அது. கூட்டத்தில் பேசிய குரல் இல்லை.

ரய்லி அம்மாள் குனிந்து பார்த்துவிட்டு நிமிர்ந்தார். "தூக்கிப் போடுங்கன்னு முப்பது வருஷமா சொல்றேன்," என்றார்.

எனக்கு நியாயமாகச் சந்தோஷம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. ஏப்ரலிலிருந்து இந்த நாய் தினமும் எங்களைக் கூப்பிட்டுக்கொண்டிருந்திருக்கிறான். இங்கே இருக்கிறது, பெரியது, பறக்காமல் நிற்கிறது, யாராவது வாருங்கள் என்று. வர வேண்டியவர்கள் வரவில்லை. எச்சரிக்கை வந்தது. பறவையும் போகவில்லை, ஆளும் வரவில்லை, அவனும் மரத்தை விட்டு வரவில்லை. எங்கள் எல்லோரிலும் தன் வேலையை ஒழுங்காகச் செய்தவன் அவன் ஒருவன்தான், அவனைத்தான் வாக்கெடுப்புக்கு நிறுத்தினோம்.

தெல்லெர்வோ அம்மையார் தொண்டையைச் செருமினார். "பறவை இருந்தாலும் சத்தம் சத்தம்தானே. என் தூக்கத்துக்கு என்ன பதில்?"

அதுவும் நியாயம்தான். தலைவர் மெதுவாக எழுந்து, அதை உள்ளே எடுத்து வைத்துவிடுகிறேன் என்றார். பிரச்சினை தீர்ந்தது என்ற மாதிரி இரண்டு பேர் ஷூவை நோக்கி நகர்ந்தார்கள்.

"உள்ள எடுத்தா பறந்துபோச்சுன்னு நெனச்சுக்குவான்," என்றாள் ஹில்க்கா. "பறந்ததைத் தேடத்தானே பழக்கியிருக்கோம்? ஒவ்வொரு ஜன்னலா ஏறித் தேடுவான். நாளைக்கு எட்டு ஜன்னல்ல கொரைப்பான்."

"அப்ப என்னதான் பண்ணச் சொல்ற?"

"கீழ விழணும். சுட்டு விழுந்தாத்தான் அவனுக்கு வேலை முடிஞ்ச மாதிரி. உங்களுக்கே தெரியும்."

தலைவருக்குத் தெரியும். அதனால்தான் அவர் முகம் அப்படிப் போயிற்று. அவர் வாழ்க்கையில் சுட்ட முதல் மெட்சோ அது. துயிஸ்கு என்ற அவருடைய முதல் நிமிர்செவி மரத்தடியில் நிறுத்திக் கொடுத்தது. அந்த நாய் போய் எத்தனையோ வருஷமாகிறது. அவர் எங்களிடம் இதைக் கெஞ்சலாகச் சொல்லவில்லை, செய்தி சொல்வது போல்தான் சொன்னார். ரய்லி அம்மாள் மறுபடி குனிந்து, முதல்முறை பார்ப்பது போல் அந்தப் பறவையைப் பார்த்தார். வாக்கெடுப்பு இன்னும் பாக்கி, வீடு இன்னும் அவர் கையில். மாட்டேன் என்று சொல்லிவிட்டால் நாங்கள் ஒன்றும் செய்ய முடியாது.

அந்த நேரம் ருஸ்கோ ஒரு நொடி நிறுத்தி, திரும்பி, தலைவரை மட்டும் பார்த்தான். வந்துவிட்டீர்கள் அல்லவா, அப்புறம் என்ன என்கிற பார்வை. பிறகு மறுபடி ஜன்னல் பக்கம் திரும்பித் தொடங்கினான்.

தலைவர் ஷூவை மாட்டிக்கொண்டு கிளம்பினார்.

நாங்கள் எல்லோரும் சாக்ஸோடு ஜன்னலில் கூடினோம். ஒருவர் மாற்றி ஒருவர் குனிந்து பார்த்தோம். பால்கனியில் தலைவர் தெரிந்தார். கண்ணாடியை விலக்கினார். அலமாரியிலிருந்து பறவையை இறக்கி விளிம்பில் நிறுத்தினார். அதன் முதுகைக் கையால் ஒருமுறை தடவி, தூசியை ஊதினார். பிறகு எங்கள் ஜன்னலைப் பார்த்துக் கையைத் தூக்கினார்.

ஹில்க்கா கீழேயிருந்து கையோடு கொண்டுவந்திருந்த பன் காகிதப் பையை ஊதி, முறுக்கி, உள்ளங்கையில் அறைந்தாள். வெடி மாதிரி கேட்டது. தெல்லெர்வோ அம்மையார் ஒரு அடி பின்னால் போனார். தலைவர் விரலால் தள்ளினார். மெட்சோ கிளையோடு சேர்ந்து, வாலை விரித்த நிலையிலேயே, ஒரு சுற்றுச் சுற்றி, ரோஜாப் புதருக்குள் விழுந்தது.

ருஸ்கோ நிறுத்தினான்.

ஏப்ரலுக்குப் பிறகு அந்த அடுப்படியில் வெயில் அடிக்கிற மதிய நேரத்தில் குளிர்பெட்டி உறுமுவது எனக்குக் கேட்டது அன்றைக்குத்தான்.

விழுந்த பறவையை நாய்க்குக் காட்டியாக வேண்டும், அது முறை. கீழே இறங்கினோம். ருஸ்கோ புதருக்குள் மூக்கை விட்டான். அந்துருண்டை வாசனை. தும்மினான். இன்னொரு முறை மோந்தான். இரவலாக வந்த பழைய கோட்டு ஒன்றை மோந்தது போல முகம் சுளித்தான். பிறகு தலைவரை நிமிர்ந்து பார்த்து, பறவை மேல் நிதானமாகக் காலைத் தூக்கினான். தலைவர் தடுக்கவில்லை. இதில் விதி எதுவும் மீறப்படவில்லை என்றுதான் அவர் முகம் சொன்னது.

வாக்கெடுப்பு நடக்கவில்லை. எல்லோரும் கீழே போய் ஆறிய காபியைக் குடித்தார்கள். தலைவர் மேசையைத் தட்டி, அடுத்த விஷயம் குப்பைத் தொட்டி மூடி என்றார். எங்களை யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. தெல்லெர்வோ அம்மையார் மட்டும் போகிற போக்கில் ஹில்க்காவிடம், நாய் மயிரைச் சேர்த்து வைத்தால் நூலாகத் திரிக்கலாமாமே, அடுத்த வசந்தத்தில் தனக்குக் கொடு என்றார்.

மறுநாள் காலை படிக்கட்டுச் சுவரில் ஒரு அறிவிப்பு ஒட்டியிருந்தது. முற்றத்துச் சத்தப் பிரச்சினை நிர்வாகக் குழுவின் துரித நடவடிக்கையால் தீர்க்கப்பட்டது. செல்லப்பிராணிகளை அமைதியாக வைத்திருக்குமாறு அனைவரும் கேட்டுக்கொள்ளப்படுகிறார்கள். துரித. ஏப்ரலில் குரைத்ததற்கு செப்டம்பரில் படியேறி வந்தது துரிதம். அந்த ஒரு சொல்லை நின்று படித்ததில் கல்லூரியில் முதல் வகுப்பு போய்விட்டது. அதன் கீழே பேனாவால் ஏதாவது எழுதலாமா என்று யோசித்தேன். ஆனால் எனக்கு எச்சரிக்கை கொடுக்க அவர்களுக்கு இன்னும் ஒரு காரணம் ஏன் கொடுக்க வேண்டும்?

அன்று மாலை ருஸ்கோவை முற்றத்தில் கம்பளம் தட்டுகிற கம்பியில் கட்டிவிட்டு, சீப்பை எடுக்க மேலே வந்தேன். ஜன்னலில் பழக்கதோஷத்தில் குனிந்தேன். கீழே தலைவர் வந்துகொண்டிருந்தார். கையில் சாசேஜ் துண்டு. சுற்றும் முற்றும் பார்த்தார், மேலே மட்டும் பார்க்கவில்லை. தொப்பியைக் கழற்றினார். நாய் முன்னால் மெதுவாக மண்டியிட்டார், நேற்றைக்கு மாதிரியே ஒரு முழங்கால், பிறகு மற்றது. ஜன்னல் திறந்திருந்தது.

"வந்து பாத்திருக்கணும்," என்றார். "எழுதறதுக்கு முன்னாடி வந்து பாத்திருக்கணும். மன்னிச்சுக்கடா."

எங்களிடம் அந்த வார்த்தையை இன்றுவரை அவர் சொல்லவில்லை. படியில் பார்த்தால் பருவநிலை பேசுகிறார்.

ருஸ்கோ சாசேஜைத் தின்றான். தின்று முடித்து, ஒரு காதை மட்டும் அவர் பக்கம் திருப்பி, முகத்தை அந்தப் பக்கம் திருப்பிக்கொண்டான். அவர் அங்கேயே மண்டியிட்டிருந்தார். நான் சீப்பை எடுத்துக்கொண்டு அவசரப்படாமல் இறங்கினேன்.